விசாரணைக்கு முந்தின நாள் டைப் ஆன ஆர்டர்கள்

போன மாதம் எங்கள் பழைய செக்‌ஷனில் இருந்து போன் வந்தது. பேசியவள் இப்போது என் நாற்காலியில் உட்கார்ந்திருக்கும் சூப்பிரண்டெண்டு. நான் ரிடையர் ஆன வருடம் புதிதாகச் சேர்ந்த பெண்.

"மேடம், அட்மிஷன் அப்பீல் எல்லாம் ஆன்லைன் ஆயிடுச்சி. தள்ளுபடி பண்றதுக்கு ஏழு காரணம் லிஸ்ட்டா வருது. ஒண்ண கிளிக் பண்ணா ஆர்டர் தானா ரெடி. உங்க காலத்துல எவ்ளோ கஷ்டப்பட்டிருப்பீங்க. ஆபீஸ் மலருக்கு அதப் பத்தி ஒரு கட்டுரை எழுதிக் குடுங்க" என்றாள்.

எனக்குச் சிரிப்பு வந்தது. அடி பைத்தியமே, அந்தக் கிளிக்கை கம்ப்யூட்டர் வருவதற்கு முன்பே ஒரு ஸ்டென்சில் தாளில் செய்தவள் நான்தான். கஷ்டப்பட்டேன் என்று யார் சொன்னது? சுகமாக இருந்தது. அதுதான் விஷயமே. எழுதித் தருகிறேன் என்றேன். மலரில் போடுவார்களா மாட்டார்களா என்பது அவர்கள் பாடு.

என் பெயர் முனிலட்சுமி. ஊர் பாகாலா. நைனா, அதாவது எங்கள் அப்பா, ரயில்வேயில் கேங்மேன். வீட்டில் பேச்சும் எழுத்தும் தமிழ், பள்ளிக்கூடத்தில் தெலுங்கு, டைப்ரைட்டிங் இன்ஸ்டிட்யூட்டில் இங்கிலீஷ். மூன்றையும் கலந்து பேசினால்தான் எங்களுக்கு வாய் ஓடும். திருப்பதியில் பல்கலைக்கழக ஆபீஸில் டைப்பிஸ்டாகச் சேர்ந்தேன். காலை ரயிலில் போய் சாயங்கால ரயிலில் திரும்புவேன். முதல் பத்து வருடத்தில் சொல்லிக்கொள்ள ஒன்றும் இல்லை. வேகமாக அடிப்பேன், தப்பில்லாமல் அடிப்பேன், கூடவே வாயும் அடிப்பேன். மூன்றுக்கும் பேர் வாங்கினேன்.

அதுவரை அட்மிஷன் செக்‌ஷன் என்றால் தூங்குமூஞ்சிகளைப் போடுகிற இடம். தொண்ணூறுகளின் பாதியில் எல்லாம் தலைகீழானது. திருப்பதியில் தெருவுக்கு ஒரு கம்ப்யூட்டர் சென்டர் முளைத்தது. சித்தூரில் வெல்லமண்டி வைத்திருந்தவர்கூட மகனை ஐதராபாத்துக்கு அனுப்பி, அங்கிருந்து அமெரிக்கா அனுப்பக் கணக்குப் போட்டார். மழை வேண்டி மலை ஏறினவர்கள் போய், விசா வேண்டி மலை ஏறுகிறவர்கள் வந்தார்கள். எங்கள் இன்ஜினியரிங் கல்லூரியில் கம்ப்யூட்டர் சீட்டு என்றால் பெண்ணைக் கட்டிக்கொடுக்கிற மாதிரி சொந்தபந்தம் மொத்தமும் திரண்டு வந்து நின்றது.

அரசாங்கம் நடத்தும் கவுன்சிலிங் முடிந்த பிறகு மிஞ்சுகிற சீட்டுகளைப் பல்கலைக்கழகமே நிரப்பும். அதில் பெரும்பகுதி லோக்கல் பிள்ளைகளுக்கு. லோக்கல் என்றால் ஒன்பதாம் வகுப்பில் இருந்து இன்டர், அதாவது பன்னிரண்டாம் வகுப்பு, முடிய நாலு வருடமும் எங்கள் வட்டாரத்தில் படித்திருக்க வேண்டும். அதற்குப் பள்ளியில் படிப்புச் சான்றிதழ் வாங்கி வைக்க வேண்டும். லோக்கல் இல்லை என்று பட்டியலில் தள்ளப்பட்டவர்கள் துணைப் பதிவாளரிடம் அப்பீல் செய்யலாம். அந்த அப்பீல்கள் வரும் மேஜை என் மேஜை.

துணைப் பதிவாளர் சடகோபன் சார் திருப்பதிக்காரர். கோயில் கைங்கரியம் செய்கிற ஐயங்கார் குடும்பம். வீட்டு முறை வருகிற நாட்களில் விடியற்காலையில் மலையில் சேவை முடித்துவிட்டு, ஈரக் குடுமியும் பளிச்சென்ற நாமமுமாகப் பத்து மணிக்கு டாண் என்று ஆபீஸில் இருப்பார். எதையும் பென்சில் வைத்துக்கொண்டுதான் படிப்பார். மனு கொடுக்க வந்தவர் எந்தப் பாஷையில் பேசுகிறாரோ அந்தப் பாஷையில் பதில் சொல்வார். எதிரில் நிற்கிறவர் உட்காரும்வரை தானும் உட்கார மாட்டார். இத்தனை வருடத்தில் எத்தனையோ ஆபீசர்களைப் பார்த்துவிட்டேன், அந்த ஒரு பழக்கத்தை வேறு யாரிடமும் பார்க்கவில்லை. அவர் மேல் எனக்கு அவ்வளவு பிரியம். வாய்த்துடுக்கான என்னை அவர் பொறுத்துக்கொண்டதே பெரிய விஷயம்.

விசாரணை புதன்கிழமை காலை. ஒரே காலையில் இருபது பேர்கூட வருவார்கள். ஆர்டர்கள் அன்றைக்கே தபாலில் போக வேண்டும் என்பது மேலிடத்துக் கண்டிப்பு. விசாரணை முடிந்து, நோட்ஸ் எழுதி, டைப் அடித்து, நம்பர் போட்டு, தபால் வண்டியைப் பிடிப்பது யாராலும் ஆகாத காரியம். நான் ஒரு ஏற்பாடு செய்தேன். தள்ளுபடி ஆர்டருக்கு ஒரு ஸ்டென்சில் வெட்டினேன். "தங்கள் மேல்முறையீடு கவனமாகப் பரிசீலிக்கப்பட்டது. தாங்கள் தகுதி பெறவில்லை என்று முடிவு செய்யப்பட்டு, நிராகரிக்கப்படுகிறது." அதில் உருட்டி எடுக்கிற ஒவ்வொரு தாளிலும் பெயருக்கும் முகவரிக்கும் மட்டும் காலி இடம். செவ்வாய்க்கிழமையே எல்லாப் பெயரையும் அடித்து, அனுப்புகைப் பதிவேட்டில் நம்பரும் ஏற்றிவிடுவேன். புதன் மத்தியானம் சார் கையெழுத்துப் போடுவார், மூன்று மணிக்கு வண்டி ஏறிவிடும். யாராவது ஜெயித்தால் அந்தத் தாளைக் கிழித்துவிட்டு, பதிவேட்டில் அந்த நம்பருக்கு எதிரே 'ரத்து' என்று எழுதுவேன். வருடத்தில் ஒன்றோ இரண்டோதான் அப்படி எழுதியிருப்பேன்.

இதற்காக எனக்குப் பாராட்டுக் கடிதம்கூடக் கொடுத்தார்கள். வீட்டில் பிரேம் போட்டு மாட்டினேன் என்று சொன்னால் இப்போது வெட்கமாக இருக்கிறது.

அந்த வருடம் இரண்டாவது புதன்கிழமை வெதுருகுப்பம் பக்கத்தில் இருந்து ஒரு பெண்ணும் அவள் நைனாவும் வந்தார்கள். பெண் பெயர் ரேணுகா. அவர் கோவிந்தசாமி. பழைய நாளில் கூலிக்குக் கரும்பு வெட்டினவர், அப்போதுதான் சொந்தமாகக் கொஞ்சம் நிலம் வாங்கி வேர்க்கடலை போட்டிருந்தார். சார் எழுந்து நின்று, நாற்காலியைக் காட்டி, அவர்கள் உட்கார்ந்த பிறகு உட்கார்ந்தார்.

"பொண்ணு எங்க படிச்சா? சொல்லுங்கோ."

"எங்கூருக்குப் பக்கத்து ஸ்கூல்லதான் சாமி. பத்தாவது வரைக்கும். தெனம் நடந்து போய்க்கினு வந்துக்கினு இருந்துச்சி. அப்பறம் இன்டர் சித்தூர்ல. லோக்கல் இல்லன்னு எழுதிட்டாங்க. நாங்க லோக்கல் இல்லன்னா வேற எந்தூரு சாமி நாங்க?"

சார் பென்சிலால் குறித்துக்கொண்டார். பெண்ணிடம் பாட மார்க்கெல்லாம் கேட்டார். "பார்க்கறேன். தைரியமாப் போங்கோ" என்று வாசல்வரை வந்து அனுப்பினார்.

மத்தியானம் கட்டு அவர் மேஜைக்குப் போனது. பத்தொன்பது ஆர்டர். ரேணுகாவின் தாள் வந்ததும் பேனா நின்றது.

"முனிலட்சுமி, இந்த வெதுருகுப்பம் பொண்ணு. பள்ளிக்கூடம் பக்கத்துலதான்கிறாரே அவர்."

நான் ஃபைலைப் புரட்டிச் சான்றிதழைக் காட்டினேன். கையால் எழுதினது, முழுக்கத் தமிழ். கீழே வட்ட சீல், அதுவும் தமிழ். ஊர் பெயர் இருந்தது, ஜில்லா பெயர் இல்லை.

"தமிழ் சீல் சார். பார்டருக்கு அந்தப் பக்கம் தமிழ்நாட்டுல, பள்ளிப்பட்டு சைடா இருக்கும். இவங்களுக்குப் பக்கத்து ஊருன்னா அதுவும் பக்கத்து ஊருதானே."

"நிச்சயமா?"

"எனக்குத் தெரியாத தமிழா சார்?"

அவர் கையெழுத்துப் போட்டார். மூன்று மணிக்கு வண்டி போனது.

இதை ஒரு தெலுங்கு கிளார்க் பார்த்திருந்தால், படிக்கத் தெரியாமல் யாரையாவது கேட்டிருப்பான். கேட்டிருந்தால் உண்மை தெரிந்திருக்கும். எனக்குத்தான் எல்லாம் தெரியுமே. தமிழ் என்றால் எனக்கு வீட்டில் பேசுகிற பாஷை. பள்ளிக்கூடம் என்றால் தெலுங்கு. தமிழில் சீல் வைக்கிற பள்ளி எல்லைக்கு அந்தப் பக்கம்தான் இருக்கும் என்று சின்ன வயதில் இருந்து என் மண்டையில் ஊறிப்போயிருந்தது. யானைக்கும் அடி சறுக்கும் என்பார்கள். நான் யானையும் இல்லை, ஒரு கழுதை.

மூன்று வாரத்தில் ஐதராபாத் ஹைகோர்ட்டில் இருந்து கவர் வந்தது. ரேணுகா ரிட் மனு போட்டிருந்தாள். திருப்பதியில் ஒரு வக்கீலைப் பிடித்து, அவர் ஐதராபாத்தில் இன்னொருவரைப் பிடித்துக் கொடுத்திருக்கிறார். வழக்கு முடியும்வரை கம்ப்யூட்டர் பிரிவில் ஒரு சீட்டைக் காலியாக வைக்கச் சொல்லி இடைக்கால உத்தரவு. அந்த நேரத்தில் மிச்சம் இருந்ததே இரண்டு சீட்டுதான். ஒன்றை நிறுத்தினோம். இன்னொன்று பட்டியலில் அடுத்திருந்த பையனுக்குப் போனது. அட்மிஷன் கடைசித் தேதிக்கு ஒரு மாதம் இருந்தது. அதற்குள் வழக்கு முடியாவிட்டால் காலி சீட்டு காலியாகவே செத்துப்போகும், அந்தப் பெண்ணுக்கு ஒரு வருடம் போகும். அவர்கள் வீட்டில் இன்னொரு வருடம் காத்திருக்க விடமாட்டார்கள், கல்யாணம் பண்ணிவிடுவார்கள்.

மனுவில் ஆறாவது பத்தி என்னை உறுத்தியது. "என் மேல்முறையீட்டைப் பரிசீலிக்கவே இல்லை. பரிசீலித்திருந்தால் காரணம் சொல்லியிருப்பார்கள்" என்று எழுதியிருந்தது.

எங்கள் பல்கலைக்கழக வக்கீல் பதில் சத்தியப் பிரமாண வாக்குமூலம் தயார் செய்து அனுப்பினார். ஆறாவது பத்திக்கு அவர் பதில்: "மனுதாரர் கூறுவது தவறு. அவரை நேரில் விசாரித்து, கவனமாகப் பரிசீலித்த பிறகே முடிவு எடுக்கப்பட்டது." சார் கையெழுத்துப் போட்டு அனுப்ப வேண்டியதுதான் பாக்கி.

சாதாரணத் தாளில் நான் காட்டிய இடத்தில் கையெழுத்துப் போடுகிற சார்கூட, சத்தியப் பிரமாணம் என்று தலைப்பு இருந்தால் வேறு மனிதராகிவிடுவார். அறைக் கதவைச் சாத்துவார். என்னை ஒவ்வொரு பத்தியாக வாய்விட்டுப் படிக்கச் சொல்வார். பத்தியில் சொன்ன ஒவ்வொன்றுக்கும் பதிவேட்டைத் திறந்து விரல் வைத்துக் காட்ட வேண்டும். ஒத்துப்போனால் ஓரத்தில் பென்சிலால் ஒரு புள்ளி வைப்பார். ஐந்து பத்திக்கும் புள்ளி வைத்தாகிவிட்டது. ஆறாவது வந்தது. படித்தேன். அனுப்புகைப் பதிவேட்டைத் திறந்தேன். விரல் வைக்க முடியவில்லை.

"என்ன, காணலையா?"

"இருக்குது சார்."

"பின்னே காட்டு."

காட்டினேன். விசாரணை புதன்கிழமை. ஆர்டருக்கு நம்பர் ஏறினது செவ்வாய்க்கிழமை. என் கையெழுத்திலேயே.

அவர் பதிவேட்டைத் தன் பக்கம் திருப்பி அந்த வரியைப் பார்த்தார். செவ்வாய்க்கிழமையே தாள்கள் ரெடியாகும் என்று அவருக்குத் தெரியாமல் இல்லை. எல்லாருக்கும் தெரியும். ஆனால் தெரிவது வேறு, பதிவேட்டில் பார்ப்பது வேறு.

"அவர் பேசினதை நான் கேட்டேனே, முனிலட்சுமி."

"கேட்டீங்க சார். நல்லாதான் கேட்டீங்க. ஆனா ஆர்டர் அதுக்கு முந்தின நாளே ஆயிடுச்சி."

 தப்பை அவர் தலையில் வைத்துப் பேசிவிட்டேனே என்று உறைத்தது. "சார், அந்த ஏற்பாடு என்னுது. நான்தான் பண்ணேன். சீல பாத்து பார்டருக்கு அந்தாண்டன்னு சொன்னதும் நான்தான்" என்றேன்.

"ஏற்பாடு உன்னோடது. கையெழுத்து என்னோடது" என்றார். பென்சிலை எடுத்து வக்கீலின் ஆறாவது பத்தியைக் குறுக்கே அடித்தார். "எழுதிக்கோ" என்று இங்கிலீஷில் சொன்னார். விசாரணை நடந்தது உண்மை; ஆனால் ஆர்டர் முந்தின நாளே தயாராகி எண்ணிடப்பட்டது; இது வழக்கமான நடைமுறை; துணைப் பதிவாளராகிய எனக்குத் தெரிந்தே நடந்தது. நாலே வரி. என் பெயர் அதில் இல்லை.

வக்கீல் போனில் போட்ட கூச்சல் எனக்கே கேட்டது. கோர்ட்டில் கேட்காத விஷயத்தைத் தானாகப் போய்ச் சொல்கிற முட்டாள்தனத்தை வாழ்நாளில் பார்த்ததில்லை என்றார். சார் முழுக்கக் கேட்டுவிட்டு, "சத்தியப் பிரமாணம்னு நீங்கதானே சார் தலைப்புப் போட்டிருக்கேள்" என்று சொல்லி போனை வைத்தார். மேலிடத்திலும் கூப்பிட்டுக் கேட்டார்கள். திரும்பி வந்தபோது முகம் வாடியிருந்தது. ஆனால் தாளை மாற்றவில்லை.

ஃபைலோடும் பதிவேட்டோடும் நாங்கள் இருவரும் ஐதராபாத் போனோம். கோர்ட் ஹாலில் கோவிந்தசாமியும் ரேணுகாவும் கடைசி பெஞ்சில் ஒடுங்கி உட்கார்ந்திருந்தார்கள். எங்கள் வழக்கு மத்தியானச் சாப்பாட்டுக்குக் கொஞ்சம் முன்னால் வந்தது. ஜட்ஜ் ஆறாவது பத்தியைப் படித்தார். மறுபடி படித்தார். கண்ணாடியைக் கழற்றிவிட்டு, இதில் கையெழுத்துப் போட்டவர் வந்திருக்கிறாரா என்று கேட்டார். சார் எழுந்து நின்றார்.

"முடிவை முந்தின நாளே எழுதிவிட்டு, அடுத்த நாள் எதற்காக அவர்களை வரச்சொன்னீர்கள்?"

"அதற்கு என்னிடம் பதில் இல்லை. தப்பு" என்றார் சார்.

பதில் இல்லை என்று ஒரு ஆபீசர் சொல்லி அந்த ஹால் கேட்டிருக்காது என்று நினைக்கிறேன். எங்கள் வக்கீல் தரையைப் பார்த்தார். ஜட்ஜ் நிதானமாக ஆர்டர் சொன்னார். அதில் ஒரு பகுதியை இன்றைக்கும் என்னால் அப்படியே சொல்ல முடியும். "இந்தப் பெண்ணுக்கு சீட்டு உண்டா இல்லையா என்று நான் சொல்லப் போவதில்லை. அதைச் சொல்வது உங்கள் வேலை. அந்த வேலையை நீங்கள் செய்தீர்களா என்று பார்ப்பது என் வேலை. நீங்கள் செய்யவில்லை." பழைய ஆர்டர் ரத்து. பத்து நாளில் மறுபடி விசாரித்து, காரணங்களோடு புது ஆர்டர் போட வேண்டும். அதுவரை சீட்டு காலியாக இருக்கும்.

வெளியே வராந்தாவில் கோவிந்தசாமி என்னிடம் வந்தார். "அம்மா, கெலிச்சிட்டமா?"

"பாதி. இன்னொரு தபா விசாரிக்கணும்னு சொல்லிட்டாங்க."

"யாரு விசாரிப்பாங்க?"

"எங்க சாருதான்."

"அதே சாரா?" என்றார். அவர் முகம் தொங்கிப்போனது. இவ்வளவு தூரம் வந்து, கடைசியில் அதே கதவுக்குத்தான் போகவேண்டுமா என்று அந்த மனிதர் நினைத்தது எனக்குத் தெரிந்தது. எனக்கும் கோபம் வந்தது. காலியாக இருக்கிற சீட்டை ஜட்ஜே எடுத்துக் கொடுத்தால் என்ன என்று தோன்றியது. ரயிலில் சாரிடமே சொன்னேன். அவர் சிரித்தார். "ஜட்ஜ் குடுத்தா அது அவர் போட்ட பிச்சை. நாம குடுத்தா அது அவளுக்கு உரிமை. போய்ப் பள்ளிக்கூடத்தைப் பார்த்துட்டு வா" என்றார்.

ஆபீஸ் கடிதத்தோடு பஸ் ஏறிப் போனேன். வெதுருகுப்பத்தில் இறங்கி, ஷேர் ஆட்டோவில் போய், கொஞ்ச தூரம் நடந்தேன். கரும்புக் கொல்லைக்கு நடுவில் பள்ளிக்கூடம். வாசலில் போர்டு. மேலே தெலுங்கு, கீழே தமிழ், நம்ம சித்தூர் ஜில்லா பெயர் கொட்டை எழுத்தில். அந்த போர்டுக்கு எதிரில் நான் நின்ற நிலையைப் பார்த்து ஒரு வாத்தியாரம்மா, மயக்கமா என்று கேட்டு தண்ணீர் கொடுத்தாள். எல்லைக்கு அந்தப் பக்கம் என்று நான் சொன்ன பள்ளி, எல்லைக்கு இந்தப் பக்கம் நாலு மைல் உள்ளே இருந்தது.

ஹெட்மாஸ்டர் பெரியவர். சேர்க்கைப் பதிவேட்டை எடுத்துக் காட்டினார். ரேணுகா ஒன்றாம் வகுப்பில் இருந்து அங்கேதான் படித்திருக்கிறாள்.

"இந்த சீல்ல ஜில்லா பேரு ஏன் சார் இல்ல?" என்று கேட்டேன். கொஞ்சம் காட்டமாகத்தான் கேட்டேன், தப்பை யார் மேலாவது இறக்கி வைக்க வேண்டுமே.

"என்னாம்மா பண்றது? சித்தூர்ல தமிழ் எழுத்துல சீல் பண்றவன் கெடையாது. பள்ளிப்பட்டுக்குப் போய்தான் பண்ணிக்கினு வந்தேன். ஜில்லா பேரும் சேத்தா வட்டத்துல எடம் பத்தாதுன்னுட்டான். ஸ்கூலு எங்க கீதுன்னு எங்க ஜனத்துக்குத் தெரியாதான்னு நானும் வுட்டுட்டேன்." பிறகு, பதிவேட்டை மூடிக்கொண்டே சாதாரணமாகக் கேட்டார்: "ஆமா, இதே மாரி இன்னொரு பையனுக்கும் எழுதிக் குடுத்தேனே. தாமோதரன். அவங்கூட்டு ஆளுங்க பாகாலா. இங்க மாமன் வூட்ல தங்கி படிச்சான். அவனுக்கு சீட்டு குடுத்துட்டீங்களா?"

பார்த்துச் சொல்கிறேன் என்று கிளம்பினேன். பஸ்ஸில் திரும்பி வரும்போது, பத்தொன்பது தாளில் அந்தப் பெயரை நான் அடித்ததை ஞாபகப்படுத்திக்கொள்ள முயன்றேன். ஞாபகம் வரவில்லை. பெயர்களை நான் படித்ததே இல்லை, அடித்ததோடு சரி.

மறு விசாரணை நாலு நாள் கழித்து. சார் எழுந்து நின்றார், அவர்கள் உட்கார்ந்தார்கள், அவர் உட்கார்ந்தார். பதிவேட்டு நகலைப் படித்தார். கோவிந்தசாமியிடம் கேள்விகள் கேட்டார். எல்லாம் முடிந்த பிறகு, அவர்கள் எதிரிலேயே, என்னை மிஷினில் தாள் ஏற்றச் சொன்னார். ஒவ்வொரு காரணமாகச் சொல்லச் சொல்ல நான் அடித்தேன். எந்தப் பள்ளி, எங்கே இருக்கிறது, முன்பு ஆபீஸ் எங்கே தவறியது, எதனால் அந்தப் பெண் லோக்கல். இரண்டரைப் பக்கம். கடைசி வரி அனுமதி. ரேணுகா அழவில்லை. தாளை வாங்கி முதல் எழுத்தில் இருந்து படித்தாள். அவள் நைனாதான் அழுதார். துண்டால் முகத்தை மூடிக்கொண்டு, "அன்னைக்கே இப்டி கேட்டிருந்தா ஐதராபாத்து எதுக்கு சாமி" என்றார். கோபம் இல்லை அந்தக் குரலில். சார் கை கூப்பினார். அந்தப் பெண் பிறகு அமெரிக்கா போய், நான் ரிடையர் ஆனபோது அங்கிருந்து போன் செய்தாள். என்னத்தைச் சொல்ல, பெற்ற பிள்ளை பேசின மாதிரி இருந்தது.

அன்றோடு என் ஸ்டென்சிலைக் கிழித்துப் போட்டேன். ஆர்டர்கள் இரண்டு மூன்று நாள் தாமதமாகப் போக ஆரம்பித்தன. மெமோ வந்தது. வரட்டும் என்று விட்டோம். சாருக்கு வர வேண்டிய பதவி உயர்வு அந்த வருடம் வரவில்லை. அதற்கு யாரும் அவருக்குக் காரணம் சொல்லவில்லை.

மறு விசாரணை அன்றைக்கு ரேணுகா அறையை விட்டுப் போன மறு நிமிடம் நான் அந்தப் பழைய ஃபைல் கட்டை அவர் மேஜையில் வைத்தேன். ஹெட்மாஸ்டர் கேட்டதைச் சொன்னேன். பதினெட்டு ஃபைலையும் பென்சிலோடு படித்தோம், இரண்டு நாள். பதினேழு சரியாகவே தள்ளுபடி ஆனவை. பதினெட்டாவது தாமோதரன். அதே பள்ளி, அதே கையெழுத்து, அதே சீல். ரேணுகாவுக்கு ஒரு ரேங்க் கீழே. அன்று மிச்சம் இருந்த இரண்டு சீட்டில் இரண்டாவது அவனுடையது. அதில் வேறு பையன் சேர்ந்து கிளாசுக்குப் போய்க்கொண்டிருந்தான். கடைசித் தேதியும் வந்துவிட்டது. தாமோதரன் கோர்ட்டுக்குப் போகவில்லை, அதனால் அவனுக்காக யாரும் சீட்டு நிறுத்தி வைக்கவில்லை.

சார் கைப்பட அவனுக்குக் கடிதம் எழுதினார். நேரில் வரச்சொல்லி, அடுத்த வருடம் பழைய ரேங்க்கிலேயே பரிசீலிக்க மேலே எழுதுவதாகச் சொல்லி. பத்து நாளில் கடிதம் திரும்பி வந்தது. கவர் மேல் தபால்காரர், ஆள் ஊரில் இல்லை என்று எழுதியிருந்தார். பாகாலா என் ஊர். அன்று சாயங்காலம் ரயிலில் இறங்கி, வீட்டுக்குப் போகாமல் அந்த முகவரிக்குப் போனேன். என் வீட்டில் இருந்து மூன்றாவது தெரு.

அவன் அம்மா மட்டும் இருந்தாள். வாசலில் கடலை உடைத்துக்கொண்டிருந்தாள். பல்கலைக்கழக ஆபீஸ் என்றதும் எழுந்து முந்தானையைச் சரிசெய்துகொண்டு, முறத்தைத் தள்ளி வைத்துவிட்டு, உட்காரச் சொன்னாள்.

"தாமோதரன் பெங்களூரு பூட்டாம்மா. கம்பெனில பேக்கிங் வேல. அவங்க சித்தப்பன் இட்டுனு போனான்."

"எப்போம்மா போனான்?"

"உங்க ஆபீஸ் தபால் வந்த மூணாம் நாளு. அவன் மாமன் சண்டைக்குக் கெளம்பினாரு, ஆபீசுக்கு வந்து கேக்கறேன்னு. இவன்தான் வோணாம்னுட்டான். அந்தத் தாளையே நாலஞ்சி தபா படிச்சிக்கினு இருந்தான். கவனமா பாத்துட்டுதான் சொல்லிக்கிறாங்க, எனக்குத்தான் தகுதி இல்ல, வுடு மாமான்னான்."

பழி சொல்கிற மாதிரி அவள் சொல்லவில்லை. எங்கள் மேல் அவளுக்கு மரியாதை இருந்தது. அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. அவள் எதிரில் உட்கார்ந்து அழுதேன். அவள் பயந்துபோய் என் கையைப் பிடித்தாள். எல்லாவற்றையும் சொன்னேன். அந்தத் தாளை அடித்தது நான் என்றும், யாரும் கவனமாகப் பார்க்கவில்லை என்றும், தப்பு மொத்தமும் எங்களுடையது என்றும் சொன்னேன். சீட்டு போய்விட்டது, ஆனால் வந்தால் சார் அடுத்த வருடத்துக்கு முயற்சி செய்வார் என்றும் சொன்னேன்.

அவள் சீட்டைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை.

"அப்போ எம்புள்ளைக்கு தகுதி இருந்திச்சாம்மா?"

"இருந்திச்சிம்மா."

உள்ளே போய் ஒரு நோட்டில் இருந்து தாள் கிழித்துக்கொண்டு வந்தாள். "அத்த இதுல எழுதிக் குடு" என்றாள். நான் தமிழில் எழுதினேன். அவன் எந்தப் பள்ளியில் படித்தான், அவன் ஏன் லோக்கல், அவனுக்கு ஏன் சீட்டு கிடைத்திருக்க வேண்டும் என்று காரணம் காரணமாக எழுதி, கீழே என் பெயர் எழுதிக் கையெழுத்துப் போட்டேன். படித்துக் காட்டச் சொன்னாள். படித்தேன். இன்னொரு தரம் படிக்கச் சொன்னாள். பிறகு ஒரு கவரைக் கொடுத்தாள்.

"பெங்களூரு அட்ரஸ் இங்கிலீஷ்ல எழுதணுமாம். நீயே எழுதிடும்மா" என்றாள்.